அரை நிமிடம் முந்திய சமையலறை

சனிக்கிழமை, ஆட்டம் தொடங்க இன்னும் நேரம் இருக்கும்போதே, மார்லிஸ் வொன்ட்ராசெக் குளிர்பெட்டியின் தலையில் ரேடியோவை ஏற்றி வைத்து, அதன் கம்பியை ஜன்னல் பக்கம் திருப்பி, நுனியில் அலுமினியத் தாளைச் சுற்றுகிறார். பிறகு தள்ளி நின்று கேட்கிறார். தள்ளி நின்றால் இரைச்சல், கிட்டே வந்தால் பேச்சு. "நான் பக்கத்துல இல்லன்னா இதுக்கும் வாய் வராது, டுவெயின் மாதிரியே" என்கிறார். டுவெயின் என்பவர் அவருடைய கணவர்.

ஆட்டம் என்றால் பல்கலைக்கழக அணி ஆடும் ஆட்டம். முட்டைப் பந்தை இடுக்கிக்கொண்டு ஒருவன் ஓட, பத்துப் பேர் அவன் மேல் விழுந்து அமுக்குவார்கள். நெப்ராஸ்காவில் எங்களுக்கு வேறு ஆட்டம் இருப்பதாகத் தெரியவில்லை. செப்டம்பர் பிறந்துவிட்டால் சனிக்கிழமையில் கல்யாணம் வைப்பவர்களை ஊர் லேசில் மன்னிக்காது. செத்தவர்களைக்கூட வெள்ளியன்றோ திங்களன்றோதான் அடக்கம் செய்கிறோம். அதில் அவர்களுக்கும் வருத்தம் இருக்காது என்றுதான் நினைக்கிறேன்.

மற்ற நாட்களில் மார்லிஸ் கூட்டுறவுத் தானியக் கிடங்கின் எடைமேடையில் இருப்பார். சோள லாரி மேடையில் ஏறும். எடை பார்த்து, சீட்டைக் கிழித்துக் கொடுத்து, டிரைவரின் மனைவிக்கு முழங்கால் வலி எப்படி இருக்கிறது என்று விசாரித்து அனுப்புவார். அடுத்த ஜன்னலில் சோளத்தின் ஈரம் பார்ப்பவன் நான். மூர்த்தி என்ற என் பெயர் இந்த ஊர் வாயில் நுழையாமல் மர்ஃபி ஆகி இருபது வருடம் ஆகிறது. இன்று யாராவது சரியாகக் கூப்பிட்டால் நான் திரும்புவேனா என்பது சந்தேகம். மார்லிஸுக்கு ஐம்பத்தைந்து வயது இருக்கும். பெருத்த உடம்பு, குட்டையாக வெட்டிய நரைமுடி. மூக்குக் கண்ணாடியைக் கயிற்றில் கோத்துக் கழுத்தில் தொங்கவிட்டுக்கொண்டு, அதையே மேசை மேசையாகத் தேடுவார்.

ரேடியோவில் ஆட்டம் கேட்பது எப்படி என்பதை எனக்குச் சொல்லிக் கொடுக்க அவர் மிகவும் பாடுபட்டிருக்கிறார். "உக்காரக் கூடாது மர்ஃபி. உக்காந்தா காது தூங்கிடும். கைக்கு வேல குடு. உருளைக்கிழங்கு உரி. வெங்காயம் வேணாம், கண்ணுல தண்ணி வந்தா தோத்துட்டோம்னு தோணிடும்." அடுத்தது, எந்தப் பக்கம் ஓடுகிறார்கள் என்று தெரிந்துகொள்ள வேண்டும். வர்ணனையாளர் ஹாலிஸ் அதை முதலிலேயே சொல்லிவிடுவார்: "நம்ம பசங்க ரேடியோ முள்ளுக்கு இடமிருந்து வலமா போறாங்க." உடனே மார்லிஸ் ஒரு கிழங்கை எடுத்துச் சமையல் மேடையின் நடுவில் வைப்பார். அடுப்பு எதிரணியின் எல்லை, பாத்திரம் கழுவும் தொட்டி நம் எல்லை. ஆட்டம் நகர நகரக் கிழங்கும் நகரும். எதிரணி தொட்டிக்கு அருகே வந்துவிட்டால் வீட்டில் யாரும் தண்ணீர் கேட்கக் கூடாது.

டிவி வர்ணனையாளர்கள் மேல் அவருக்கு மரியாதை கிடையாது. "அவன் ரெண்டு பக்கத்துக்கும் பொதுவா பேசறான். ரெண்டு பக்கத்துக்கும் பொதுவா பேசறவனுக்கு ஆட்டத்தப் பத்தி என்ன தெரியும்?" ஹாலிஸ் அப்படியில்லை. நம் அணி தவறு செய்தால் நடுவரைத் திட்டுவார். நடுவர் சரியாகச் சொன்னால் காற்றைத் திட்டுவார். அவர் வாய் திறக்கும் முன்பே மார்லிஸுக்கு விஷயம் தெரிந்துவிடும். "மூச்ச உள்ள இழுத்தா நல்ல சேதி. வெளிய விட்டா போச்சு" என்பார். நானும் காதைத் தீட்டிக்கொண்டு கேட்டிருக்கிறேன். எனக்கு ஹாலிஸ் எப்போதும் ஒரே மாதிரிதான் மூச்சு விடுகிறார்.

டுவெயினும் அவர் தம்பி லேவெர்னும் கூடத்தில் டிவி பார்ப்பார்கள். நானும் அந்தக் கட்சிதான். டுவெயின் டிவியை இணையத்துக்கு மாற்றிய பிறகு படம் பளிச்சென்று வருகிறது, ஆனால் ரேடியோவுக்கு அரை நிமிடம் பிந்தி வருகிறது. ஆக, ஒரே வீட்டில் சமையலறைக்கு முதலில் தெரியும், கூடத்துக்குப் பிறகு தெரியும். நடுவில் கதவைச் சாத்தி, ரேடியோவைத் தணித்து வைக்க வேண்டும் என்பது ஒப்பந்தம். ஒப்பந்தத்தை மார்லிஸ் மீறியதில்லை. மீறுகிறவர்கள் ஆண்கள்தான்.

ஆட்டம் இறுகினால் டுவெயினுக்குத் திடீரென்று தாகம் எடுக்கும். கோப்பையோடு எழுந்துபோய்க் கதவை ஒருக்களித்துப் பார்ப்பார்.

"உனக்கு ஐஸ் வேணுமா, என் மூஞ்சி வேணுமா?" என்று கேட்பார் மார்லிஸ்.

"ஐஸுதான்."

"எடுத்துக்க. மூஞ்சி இன்னிக்குக் கெடையாது."

அந்த முகத்தை வைத்தே அவர் ஊரை ஏமாற்றியிருக்கிறார். ஒருமுறை கதவு ஒருக்களித்திருக்க, நம் ஆள் பந்தை நழுவவிட்டபோது கரண்டியால் சட்டியைத் தட்டி ஒரு குதி குதித்தார். கூடத்தில் லேவெர்ன் துள்ளி எழுந்து இனிப்பு ரொட்டியைக் கம்பளத்தில் போட்டார். அரை நிமிடம் கழித்து டிவியில் பந்து நழுவியது. "அண்ணே, உன் பொண்டாட்டி கோர்ட்டுல சாட்சி சொல்லப் போனா நம்மள எல்லாரையும் உள்ள தள்ளிடுவா" என்றார் லேவெர்ன். இந்த வீட்டுச் சனிக்கிழமைச் சாப்பாடு பீன்ஸும் இறைச்சியும் போட்ட காரக் குழம்பு. அதற்குத் தொட்டுக்கொள்ள இலவங்கப்பட்டை தூவிய அந்த இனிப்பு ரொட்டி. வந்த புதிதில் எனக்கு வயிற்றைப் புரட்டியது. இப்போது இரண்டாவது ரொட்டிக்கு நான்தான் முதலில் கை நீட்டுகிறேன்.

இத்தனை விளையாட்டும் போன வருடம்வரைதான். இந்த வருடம் அணியில் பந்து உதைக்கிறவன் அவர்களுடைய மகன் கோடி.

உதைக்கிறவனுக்கு ஆட்டம் முழுக்கச் சும்மா நிற்பதுதான் வேலை. மற்றவர்கள் மண்ணில் புரண்டு முடித்ததும், சலவை மடிப்புக் கலையாத சட்டையோடு வந்து, இரண்டு கம்பங்களுக்கு நடுவே பந்தை உதைத்து அனுப்ப வேண்டும். போனால் மூன்று புள்ளி. போகாவிட்டால் மாநிலமே அவன் பெயரைத் தெரிந்துகொள்ளும். டுவெயின் பழைய பாசனக் குழாய்கள் இரண்டைச் சோயா வயல் ஓரத்தில் நட்டுக் கொடுத்தார், அதில்தான் பையன் பழகினான். அப்போதும் மார்லிஸ் வெளியே வந்து பார்த்ததில்லை. அடுப்படியிலிருந்தபடியே, காலில் பந்து படும் சத்தத்தை வைத்து, போச்சா இல்லையா என்று சொல்லிவிடுவார். "பெத்த புள்ளய அந்த டிவிப் பொட்டிக்குள்ள அவ்ளோ பெருசா, அவ்ளோ தனியா பாக்க என்னால ஆகாது" என்று இன்றும் சொல்கிறார்.

அக்டோபரில் அடுத்தடுத்த இரண்டு ஆட்டங்களில் கோடி தவறவிட்டான். இரண்டிலும் தோற்றோம். எடைமேடையில் லாரிக்காரர்கள் முழங்கால் வலியைப் பற்றிப் பேசாமல் சீட்டை வாங்கிக்கொண்டு போனார்கள். ஒருவர் மட்டும், "காத்து அதிகமா இருந்துச்சு போல" என்றார். அன்று இலை அசையவில்லை என்பது ஊருக்கே தெரியும். இன்னொரு முறை தவறினால் டெக்ஸாஸ் பையன் ஒருவனை இறக்கிவிடுவோம் என்று பயிற்சியாளர் சொல்லிவிட்டதாகக் கோடி அம்மாவுக்கு மட்டும் போன் செய்து சொல்லியிருக்கிறான். அப்பாவோடு அவன் பேசவில்லை. அவன் உதைத்த விதத்தை டுவெயின் போனில் விவரித்திருந்தார். அந்த விவரம் அச்சில் ஏறக்கூடியதல்ல.

மார்லிஸின் கோபம் வேறு. ஒரு மத்தியானம் லாரி இல்லாத நேரத்தில் அதைச் சொன்னார்.

"ரெண்டாவது தடவ தவறுனப்ப இந்த மனுஷன் கதவத் தொறந்து என் மூஞ்சியப் பாத்துட்டுப் போயாச்சு, மர்ஃபி. எனக்கு அன்னிக்கு மூஞ்சிய மாத்த முடியல. டிவில புள்ள இன்னும் ஓடி வரவே இல்ல. அதுக்குள்ள 'தொலஞ்சான்'னு ஒரு சத்தம். அவன் கால வீசறான், இங்க ஒருத்தர்கூட அவனப் பாக்கல. லேவெர்ன் ரிமோட்டத் தேடிட்டு இருக்கான்."

"அவன் எப்படியும் தவறவிட்டுட்டான் மார்லிஸ். பாத்தா மட்டும் போயிருக்குமா?"

"போயிருக்காது. எனக்குத் தெரியாதா? ஆனா அவன் ஒதைக்கிறப்ப, போகும்னு நெனச்சுப் பாக்க அவன் வீட்ல ஒரு ஆள் வேணாமா?"

நான் ஈரம் பார்க்கும் கருவியைத் துடைக்கத் தொடங்கினேன். அது சுத்தமாகத்தான் இருந்தது.

நவம்பர் கடைசியில், ஆற்றுக்கு அக்கரை மாநிலமான அயோவாவின் அணியோடு ஆட்டம். பகல் ஆட்டம். கடைசிச் சில விநாடிகள் மிச்சமிருக்கும்போது இரண்டு புள்ளி பின்தங்கியிருந்தோம். பந்து கம்பங்களிலிருந்து நாற்பது கஜத்துக்குச் சற்றுக் கூடுதலான தூரத்தில் நின்றுபோனது. இனி உதைத்தால்தான் உண்டு. டிவியில் இன்னும் ஆட்கள் மண்ணைத் தட்டிவிட்டுக்கொண்டு எழுந்துகொண்டிருந்தார்கள். டுவெயின் தன் கோப்பையை என் கையில் திணித்தார்.

"நீ போ. என்னப் பாத்தா உஷாராயிடுவா. ஐஸ் கேளு. மூஞ்சியப் பாத்துட்டு வா."

போனேன். மார்லிஸ் குளிர்பெட்டியின் மேல் நெற்றியைச் சாய்த்து நின்றுகொண்டிருந்தார். கையில் உரித்த கிழங்கு. ரேடியோவில் ஹாலிஸ், "கோடி பின்னால போறான்... பக்கவாட்டுல ரெண்டு அடி... தலைய ஆட்டிட்டான்" என்றார். காலில் பந்து பட்ட சத்தம் எனக்கே கேட்டது. மார்லிஸ் கண்களை மூடிக்கொண்டார். அதற்குப் பிறகுதான் ஹாலிஸ் சொன்னார்: "இடப்பக்கமா ஒதுங்குது... ஒதுங்குது... வெளிய போயிடுச்சு. அவ்வளவுதாங்க."

ரேடியோவை அணைத்தார். கிழங்கைத் தொட்டியில் போட்டுவிட்டு, துண்டை எடுத்து ஒவ்வொரு விரலாகத் துடைத்தார். எனக்கு அழுகை வரும்போல் இருந்தது; அவருக்கு வரவில்லை. என் தோளைப் பிடித்து ஜன்னல் பக்கம் திருப்பிவிட்டார்.

"நீ இங்கயே நில்லு மர்ஃபி. உனக்குப் பொய் சொல்ற மூஞ்சி இல்ல."

கதவைத் திறந்துகொண்டு கூடத்துக்குள் போனார். ஆட்ட நேரத்தில் அவர் அந்த வாசலைத் தாண்டி நான் பார்த்ததில்லை. நில் என்றால் நிற்க முடியுமா? கதவோரம் வந்து பார்த்தேன். டிவியில் கோடி அப்போதுதான் தலைக்கவசத்தை மாட்டிக்கொண்டு மைதானத்துக்குள் ஓடி வந்துகொண்டிருந்தான். டுவெயினும் லேவெர்னும் டிவியை விட்டுவிட்டு அவர் முகத்தையே பார்த்தார்கள்.

"மார்லிஸ்?" என்றார் டுவெயின்.

"என்ன?"

"தெரியுமா?"

"ரேடியோ இரைச்சலா இருக்கு. ஒண்ணும் கேக்கல." டுவெயினின் நாற்காலிக் கையில் உட்கார்ந்து, அவர் தாடையைப் பிடித்து டிவி பக்கம் திருப்பினார். "என்னைய என்ன பாக்கற? அங்க பாரு. நம்ம புள்ள ஒதைக்கப் போறான்."

கோடி பின்னால் நடந்தான், பக்கவாட்டில் இரண்டு அடி வைத்தான், தலையை ஆட்டினான். பந்து எழும்பியது. நடுவர் கைகளைத் தூக்கினால்தான் புள்ளி. மார்லிஸ் அதற்கெல்லாம் காத்திருக்கவில்லை, துள்ளி எழுந்து, இரண்டு கைகளையும் நேராக உயர்த்தி, "போடா கண்ணு, உள்ள போ! போகுது, டுவெயின், போகுது!" என்று கத்தினார். டுவெயினும் எழுந்து கைகளை உயர்த்தினார். பந்து இன்னும் மேலே போய்க்கொண்டிருந்தது.