எங்கள் வீட்டு சீசரும் என் மில்லுக்காரர் பட்டமும்

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை தியாகதுருகத்திலிருந்து என் மகளைப் பெண் பார்க்க வந்தார்கள். மாப்பிள்ளையின் அப்பா ரிட்டயர்டு வரலாற்று வாத்தியார். கேட்டைத் திறந்ததும் என் நாய் பாய்ந்தது.

"டேய் சீசரு! கம்முனு கெட!"

வாத்தியார் சிரித்துவிட்டார். "இன்னாங்க, ரோமாபுரி ராஜா பட்டத்த சங்கிலி போட்டுக் கட்டி வெச்சிகினு இருக்கீங்க!"

நான் அஞ்சாம் கிளாஸோடு படிப்புக்குக் கும்பிடு போட்டவன். ஆனால் கள்ளக்குறிச்சி பஸ் ஸ்டாண்டில் இறங்கி 'மில்லுக்காரர் வீடு' என்று கேட்டுப் பாருங்கள்... ஆட்டோ நேரே என் வாசலில்தான் நிற்கும். ஒற்றை ஆளாக எழுப்பிய அரிசி மில் — சும்மாவா?

வாரிசு ஒரே மகள். அதனால் என் கண்டிஷன் இதுதான்: மாப்பிள்ளை வீட்டோடு வந்து மில்லைப் பார்க்க வேண்டும். கல்யாணப் பத்திரிகையில் அவர் பெயருக்கு முன்னால் 'மில்லுக்காரர்' என்று போட வேண்டும். இதைக் கேட்டு ஏற்கெனவே இரண்டு வரன்கள் எழுந்து போயாயிற்று. என் மனைவி என்னை முறைத்துக்கொண்டே காபி கொடுத்தாள்.

வாத்தியார் விளக்கினார். சீசர் என்பது முதலில் வெறும் குடும்பப் பெயராம். அர்த்தம்? அடர்ந்த முடி என்கிறார் ஒருவர், யானை என்கிறார் இன்னொருவர். பேர்போன சீசருக்கோ வழுக்கையாம்! (நான் என் தலையைத் தடவிக்கொண்டேன்.) அவர் சுவீகாரம் எடுத்த பிள்ளை அந்தப் பெயரோடு ஆண்டார். பிற்பாடு ரத்த சம்பந்தமே இல்லாதவர்களும் சிம்மாசனம் ஏறியதும் அதைப் போட்டுக்கொள்ள, பெயர் பட்டமாகிவிட்டது. ஜெர்மனியின் கைசர், ரஷ்யாவின் ஜார் — எல்லாம் அதே சரக்குதான்.

எனக்குக் குஷி! "அதத்தான் சார் நானும் கேக்குறேன். வந்து உக்காரட்டும், பட்டத்த வெச்சிக்கட்டும்!"

மாப்பிள்ளை தரையைப் பார்த்தார். "நான் பாங்க்ல வேல பாக்குறங்க. நெல்லப் பத்தி ஒண்ணும் தெரியாதுங்க."

போச்சு... மூன்றாவதும்!

கதவோரம் என் மகள். நெல்லைக் கடித்தே ஈரம் சொல்பவள். நான் வெளியூர் போனால் மில்லை ஓட்டுபவள்.

"சார், ரோமாபுரில அந்தப் பட்டத்த பொண்ணுங்க யாரும் வெச்சிகினு ஆளலியா?"

"இல்லம்மா. பெத்த மக இருந்தாலும் வேற ஆளுக்குத்தான் போச்சி."

"அதான் கடசில நாய்க்கு வந்துடுச்சி."

முதலில் சிரித்தவர் மாப்பிள்ளை. "மில்ல அவங்களே பாக்கட்டுங்க. நான் பாங்க்குக்குப் போய்ட்டு வரேன்" என்றார். கடைசியாகச் சிரித்தவன் நான் — கொஞ்சம் லேட்டாக.

பத்திரிகை அச்சுக்குப் போயிருக்கிறது. 'மில்லுக்காரர்' — மணமகள் பெயருக்கு முன்னால்.

யாருடைய ஐடியா என்று ஊரில் கேட்கிறார்கள். என்னுடையது என்றுதான் சொல்லிவருகிறேன். பட்டம்தான் கைமாறிவிட்டது... பெருமையாவது என்னிடம் இருக்கட்டுமே!