மூடிய டிப்போவுக்குப் போன பால்

பட்டாளத்துக்கு அரிசி, பருப்பு அனுப்புகிற டிப்போவில் அப்பா தினக்கூலி. உள்ளே நடப்பதை வெளியே பேசக் கூடாது என்று சேர்ந்த அன்றே சொல்லிவிட்டார்களாம். மனிதர் அதை வேதவாக்காக எடுத்துக்கொண்டு வீட்டில் வாயே திறக்க மாட்டார். "தொவரம் பருப்புல இன்னா ரகசியம்?" என்று அம்மா தலையில் அடித்துக்கொள்வாள்.

நான் ஐந்தாவது படிக்கும்போது டிப்போவை மூடினார்கள். அப்பாவுக்குப் பிரேசர் டவுனில் ஒரு அபார்ட்மெண்டில் செக்யூரிட்டி வேலை கிடைத்தது. அதோடு எங்கள் ஜீவனஹள்ளி வீட்டுப் பால் தண்ணீராக ஆரம்பித்தது. விடிந்ததும் தூக்குப் பாத்திரத்தோடு அப்பா கிளம்புவார். கேட்டால், "வேலைக்குத்தான்." ஆனால் பிரேசர் டவுன் ஒரு பக்கம், தெருமுனையில் அவர் திரும்புவது வேறு பக்கம். அடுத்த வீட்டு அக்கா வேறு, "அடுகோடில இப்டித்தான் ஒருத்தருக்கு ரெண்டு வூடு" என்று எரிகிற நெருப்பில் எண்ணெய் ஊற்றினாள். அம்மாவுக்குச் சோறு இறங்கவில்லை. அப்பா எங்களை விட்டுப் போய்விடுவாரோ என்று எனக்கும் பயம்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை அம்மா என்னை ஏவினாள்: "எந்த வூட்டுக்குள்ள நுழையறாருன்னு பாத்துட்டு ஓடியா."

அப்பா நேராக, பூட்டிக் கிடந்த டிப்போவின் பின்வேலிக்குப் போனார். தூக்கின் மூடியைத் தட்டினார். புதருக்குள்ளிருந்து பூனைகள் ஓடி வந்தன. என்னைப் பார்த்தும் திட்டவில்லை. "மூட்டைய எலி கடிக்காம இருக்க வளத்ததும்மா. சர்க்காரே பால் குடுத்துச்சு. இனிமே யாரு குடுப்பா?" என்றார்.

அப்படியே போய்ச் சொன்னேன். "பூனைக்குச் சர்க்கார் பாலா? இப்டிச் சொல்றதுக்கு உங்கப்பா இன்னா வாங்கிக் குடுத்தாரு?" என்று அம்மா முதுகில் ஒன்று வைத்தாள். உண்மையைச் சொன்னதற்கு அடி!

மறுநாள் என்னை இழுத்துக்கொண்டு அவளே போனாள். வேலியோரம் குந்தியிருந்த அப்பா, பூனைகளிடம் பேசிக்கொண்டிருந்தார். எங்கள் அப்பாவா இது, வாய் ஓயவில்லை.

"லிப்ட்ல என்னை ஏறக்கூடாதுன்றாங்கடா. பேரு கேக்கல ஒருத்தரும். வூட்ல சொன்னா அவ தாங்க மாட்டா."

அம்மா சத்தமில்லாமல் திரும்பினாள். வீட்டுக்கு வந்ததும் அழுதாள். "பொம்பள யாரும் இல்லியேம்மா" என்று தேற்றினேன். அழுகை கூடிற்று.

அடுத்த நாள் தண்ணீர் சேராத பாலை அவளே தூக்கில் ஊற்றி அப்பாவிடம் நீட்டினாள். "அதுங்களுக்கு ஊத்திட்டு வந்து எங்கிட்டயும் ரெண்டு வார்த்த பேசுங்க."

அப்பா தூக்கை வாங்காமல் நின்றார். எனக்கு அன்று வரக்காப்பிதான். சந்தேகம்தான் தீர்ந்துவிட்டதே, இன்னும் எதற்கு இரண்டு பேரும் கண்ணைத் துடைக்கிறார்கள் என்று எனக்கு எரிச்சலாக வந்தது.