ஜமுனாவின் கனகாம்பரப் பெட்டி

பசியாவரத்து ஜமுனா எனக்கு இரண்டு வழியில் உறவு. என் சின்ன நாத்தனார் பெற்ற மகள். அவள் கட்டிக்கொண்டதோ என் ஓரகத்தியின் அண்ணன் மகன் எல்லப்பனை.

ஏரி கடலில் சேரும் முகத்துவாரத்தில் அலை தூக்கி அடித்துப் படகு கவிழ்ந்த அன்று, கூடப் போனவர்கள் நீந்திக் கரையேறினார்கள். எல்லப்பன் ஏறவில்லை. உடம்பும் ஒதுங்கவில்லை.

எங்கள் ஆட்களில் உடம்பு கிடைக்காதவனுக்கு வைக்கோலில் உருவம் கட்டி, அவன் வலையிலிருந்தே ஒரு துண்டை அறுத்துச் சுற்றி, ஏரிக்கரையில் வைத்துக் கொளுத்துவார்கள். அதற்குப் பெண்டாட்டி வாய் திறந்து சரி என்று சொல்ல வேண்டும். சொல்லாதவரை அவன் செத்தவனில்லை. அவளும் தாலி கழற்ற வேண்டாம், தலையில் பூவை எடுக்க வேண்டாம். ஜமுனா சொல்லவில்லை. ஆந்திரப் பக்கம் எங்கோ கரையேறி, புத்தி தடுமாறித் திரிகிறான் என்றாள். தினம் கனகாம்பரம் கட்டித் தலையில் வைத்துக்கொண்டாள்.

அந்தப் பூ அவன் வைத்த செடியில் பூத்தது. எங்கள் தீவின் உப்பு மண்ணில் பூச்செடி நிற்காது. அதனால் எல்லப்பன் அக்கரையில் ஆரம்பாக்கத்திலிருந்து செம்மண்ணைச் சாக்கில் கட்டிப் படகில் கொண்டுவந்து, மீன் ஏற்றுகிற தெர்மாகோல் பெட்டியில் கொட்டி நட்டுக் கொடுத்திருந்தான். ஜமுனா அதைச் செங்கல் மேல் தூக்கி வைத்திருந்தாள். வெயில் ஏறினால் நிழலுக்கு நகர்த்துவாள். பூத்து முடிந்த கதிரைக் கிள்ளி எறிவாள். குடிக்கிற தண்ணீரில்தான் பங்கு கொடுப்பாள்.

"நாங்க குடிக்கவே குடத்தப் பாத்துப் பாத்து சாய்க்கிறோம், உங்க ஊட்ல பூவுக்கு நல்ல தண்ணியா?" என்பாள் பக்கத்து வீட்டு இளவரசி.

இருவரும் சேர்ந்துதான் ஏரியில் இறங்குவார்கள். ஓலையில் முடைந்த பறிக்கூடையைப் பல்லில் கடித்துக்கொண்டு, கையால் சேற்றைத் தடவி இறால் பிடிக்கிற வேலை. ஆள் விரல் கனத்தில் ஏதாவது தட்டுப்பட்டால் ஜமுனா கையை வெடுக்கென்று இழுத்துக்கொள்வாளாம். பிறகு அதே இடத்தை மெதுவாக மறுபடி தடவுவாளாம். வேராகத்தான் இருக்கும்.

மாமியார் முத்தம்மாள் தோணிரேவு ஊரில் மகள் வீட்டுக்குப் போயிருந்தபோது அது தொடங்கியது. விடிந்து போய்ப் பார்த்தால் பெட்டி மண் ஏற்கெனவே நனைந்திருந்தது. மறுநாளும் அப்படியே. மழையும் இல்லை, பனியும் இல்லை. ஜமுனாவுக்கு உள்ளூர ஒரு சந்தோஷம். யாரிடமும் சொல்லவில்லை.

பிறகு இலை ஓரங்கள் தீய்ந்தன. மண் மேல் வெள்ளையாகப் பூத்தது. கிள்ளி நாக்கில் வைத்துப் பார்த்தாள். உப்பு. ஏரித் தண்ணீர்.

எல்லப்பனின் அண்ணன் தேசப்பன் வீட்டுக்கு நேராகப் போனாள். உருவம் கட்ட வேண்டும் என்று விடாமல் நச்சரித்தவன் அவன்தான்.

"செடி பட்டுப்போனா நானே பூவ எடுத்துருவேன்னு பாக்கறீங்களா மாமா?"

"என் தம்பி மேல ஆணையா நான் தொடலம்மா. ஏரித் தண்ணிய மொண்டாந்து பூவுக்கு ஊத்த எனக்கு இன்னா பைத்தியமா?"

அவள் நம்பவில்லை. அந்தக் கோபத்தில் அவன் அன்று ராத்திரி பெட்டியை ஒட்டியே பாயைப் போட்டான். விடிந்தபோது மண் சொதசொதவென்று நனைந்திருந்தது. பாயின் ஓரமும் நனைந்திருந்தது. கண்ணை மூடவேயில்லை, நாய்கூடக் குரைக்கவில்லை என்றான்.

ஜமுனா பெட்டியருகே குந்தினாள். வெகுநேரம் ஈர மண்ணைக் கையால் அளைந்துகொண்டிருந்தாள். எதிரில் ஆள் இருப்பதுபோலப் பேசினாள்.

"நீ ஊத்தாதய்யா. உங்கிட்ட கீறது உப்புத் தண்ணி. செடி செத்துரும்."

தேசப்பன் துண்டால் வாயைப் பொத்திக்கொண்டான். எல்லப்பன் தண்ணீருக்குள் இருக்கிறான் என்று அவள் வாயிலிருந்து அன்றுதான் முதன்முதலாக வந்தது. தான் சொன்னது அவளுக்கே பிறகுதான் காதில் விழுந்திருக்க வேண்டும். எழுந்து, தலையிலிருந்த பூவைக் கையில் எடுத்தாள்.

"வைக்கோல் கொண்டாங்க மாமா."

வெயில் தாழ்வதற்குள் முத்தம்மாளைப் படகில் அழைத்துவந்து, வைக்கோல் உருவத்தைக் கரையில் வைத்துக் கொளுத்தினார்கள். நானும் நின்றிருந்தேன். வலைத்துண்டு நைலான் ஆனதால் சுருண்டு சுருண்டு எரிந்தது. ஜமுனா அழவில்லை.

மறுநாள் காலை, தனியாக விடக் கூடாதென்று நான்தான் அவளோடு கொல்லைக்குப் போனேன். பெட்டி மண் பொருக்குத் தட்டிக் காய்ந்து கிடந்தது. உயிரோடு இருந்தபோது அவள் சொன்ன ஒரு பேச்சையும் எல்லப்பன் கேட்டதில்லை.

நல்ல தண்ணீர்க் குடத்தை இடுப்பிலிருந்து இறக்கினாள். ஊற்றுவாள் என்று பார்த்தேன். ஊற்றவில்லை. உள்ளங்கையைக் காய்ந்த மண்ணில் வைத்தபடி உட்கார்ந்திருந்தாள்.

"வா, வெயில் ஏறுது" என்றேன்.

"இன்னும் கொஞ்ச நேரம் பாக்கலாம் அத்தை" என்றாள்.