குதிரைவாலும் தவிடும்

கூலிம் மருத்துவமனையில் என் இடுப்பை ஸ்கேன் எடுத்த படத்தைத் திரையில் காட்டினார் இளம் டாக்டர்.

"முதுகுத் தண்டுவடம் முடியிற இடத்துல நரம்பெல்லாம் கத்தையா தொங்குது பாருங்க அங்கிள். குதிரைவால் மாதிரி இல்ல? அதான் குதிரைவால்னே பேரு. அது நசுங்குனா கால் மரத்துப்போயிரும்லா."

எனக்கு வறுத்த தவிட்டு வாசனை அடித்தது.

ஜப்பான்காரன் மலாயாவைப் பிடித்திருந்த காலம். காட்டில் மரம் வெட்டும்போது அப்பா வழுக்கி மல்லாக்க விழுந்தார். மறுநாளே வேலைக்கும் போனார். சில வாரங்களில் கால்கள் மரத்துப்போயின. அரிசி கிடைக்காமல் மரவள்ளிக்கிழங்கையே தின்று, சத்தில்லாமல் ரப்பர் தோட்டத்தில் பலருக்கும் கால் மரத்து வீங்கிய நேரம் அது. அப்பாவுக்கும் அதே நோய் என்றுதான் எல்லோரும் நினைத்தோம். அதற்கு அரிசித் தவிடுதான் மருந்து. அம்மா கல்யாணச் சேலையை மலாய்க்காரர் கிராமமான கம்பத்தில் கொடுத்துத் தவிடு வாங்கி வந்தாள். வறுத்து, உருண்டை பிடித்து ஊட்டினாள்.

"நீயும் ஒரு வாய் போடு புள்ள," என்றார் அப்பா.

"எனக்கென்ன, நடக்கிறேன்ல. நீங்க எந்திரிச்சா போதும்."

அவள் கால்கள் அப்போதே வீங்கியிருந்தன. அடுத்த மழைக்காலத்தில் அம்மா இல்லை. அப்பா உட்கார்ந்தபடியே நெடுநாள் இருந்தார்.

டாக்டர் திரையை அணைத்தார். அந்தத் தவிட்டை அம்மா தின்றிருக்க வேண்டும்.