ஏழாவது கோல் விழுந்த பின்னேரம்

எங்கள் உம்மா அன்று ஏன் உண்மையைச் சொன்னார்? எனக்கு இப்போது எட்டு வயதில் ஒரு மகள் இருக்கிறாள். நானும் ஒரு தாய்தான். அப்படியிருந்தும் இந்தக் கேள்விக்கு என்னால் பதில் சொல்ல முடியவில்லை. உம்மா பேசாமல் இருந்திருந்தாலே போதும். தேவையான பொய்யை எல்லாம் நான் ஏற்கெனவே சொல்லி முடித்திருந்தேன்.

எனக்கு அப்போது பத்து வயது. கல்முனைக்குச் சற்றுத் தெற்கே, கடற்கரையிலிருந்து மூன்று தெரு தள்ளி, ஒரு குறுகிய ஒழுங்கையில் எங்கள் வீடு. வாப்பா கட்டாரில் வேலை செய்தார். வீட்டில் உம்மாவும் நானும் உம்மாவின் தங்கையான சாச்சியும்தான். அவர்களுடைய பெற்றோர் நான் பிறக்கும் முன்பே மௌத்தாகிவிட்டதால் சாச்சியை வளர்த்தது உம்மாதான்.

சாச்சி நாட்டின் பெண்கள் உதைபந்தாட்ட அணிக்குக் கோல்காப்பாளர். இன்று இதை எழுதும்போது என் முதுகு தானாக நிமிர்கிறது. அன்று எங்கள் ஒழுங்கையில் எவருக்கும் இது தெரியாது. சாச்சி கொழும்பில் தையல் டிப்ளோமா படிக்கிறார் என்று உம்மா சொல்லி வைத்திருந்தார். ஒருமுறை பக்கத்து வீட்டுப் பெண் இதை நம்பி, பெருநாள் சட்டைக்குத் துணி கொண்டுவந்து கொடுத்துவிட்டார். சாச்சிக்கு ஊசியில் நூல் கோக்கவும் வராது. உம்மாவே இரண்டு நாள் குனிந்திருந்து தைத்து, "கொழும்புக் கட்டிங் இப்பிடித்தான்" என்று கொடுத்தனுப்பினார்.

சாச்சி கோல்காப்பாளர் ஆனதற்குக் காரணமே உம்மாவின் நிபந்தனைதான். பாடசாலையில் பெண்பிள்ளைகளுக்கு அணி அமைத்த விளையாட்டு டீச்சர் வீட்டுக்கு வந்து கேட்டபோது, கால் தெரியக்கூடாது, கை தெரியக்கூடாது, முடி தெரியவே கூடாது என்று உம்மா சொன்னார். டீச்சர் சிறிது யோசித்தாராம். "அப்ப கோலுக்குள்ள நிக்கட்டும். அந்த ஒரு ஆளுக்குத்தான் நீளக் காற்சட்டையும் தொப்பியும் போட விதியில இடமிரிக்கி. கையுறையும் உண்டு" என்றாராம். மைதானத்தில் இருபத்திரண்டு பேருக்குள் உம்மா சம்மதிக்கக்கூடிய இடங்கள் இரண்டுதான் இருந்தன. அதில் ஒன்றில் சாச்சி போய் நின்றார். தேசிய அணிக்குத் தெரிவானபோதும் உம்மா கடிதத்தில் கையெழுத்திட்டுவிட்டு அதையேதான் சொன்னார். "போ. ஆனா ஒன்ட முடி ஒரு மனிசனுக்கும் தெரியப்படாது." உம்மா ஒரு நாளும் விளையாட்டைப் பார்க்கப் போகவில்லை. பார்த்தால் தனக்கு நெஞ்சு அடைத்துவிடும் என்பார்.

எங்கள் ஊர்களில் மாப்பிள்ளைதான் பெண் வீட்டுக்கு வந்து குடியிருப்பார். ஆகவே பெண்ணுக்கு ஒரு வீடு எழும்பாமல் கலியாணம் இல்லை. சாச்சிக்கான வீடு எங்கள் வளவின் பின்பக்கம் அரைகுறையாக நின்றது. அதன் கதவு பொருத்தாத வாசல்தான் சாச்சியின் கோல். கொழும்பிலிருந்து வந்து நிற்கும் நாட்களில், சுற்றிலும் தகர வேலி இருக்கும் தைரியத்தில், நான் மணல் குவியலில் ஏறி நின்று பந்தை உதைப்பேன். அவர் எப்போது அசைகிறார் என்று என் கண்ணுக்குத் தெரியாது. நான் உதைப்பேன், பந்து அவருடைய கையில் இருக்கும். கைகளுக்குப் பந்து வரும் வழி முன்கூட்டியே தெரிந்திருந்தது போல இருக்கும். எத்தனையோ பின்னேரங்கள் முயன்றும் ஒரு பந்தைக்கூட நான் அந்த வாசலுக்குள் அனுப்பியதில்லை. உலகத்தில் எவராலும் முடியாது என்றுதான் நம்பியிருந்தேன்.

அணி வெளிநாடு போயிருந்தபோது ஒருநாள் சாச்சி என்னிடம் தொலைபேசியில் கதைத்தார். மறுநாள் போட்டி டிவியில் வரும் என்று அலைவரிசையையும் நேரத்தையும் சொன்னார். "ராத்தாக்குச் செல்லாத, அவ பாக்க மாட்டா" என்றார். உம்மாவை அவர் ராத்தா என்றுதான் அழைப்பார். உம்மாவுக்குச் சொல்லாதே என்றவர் ஒழுங்கைக்கும் சொல்லாதே என்று தனியாகச் சொல்லவில்லை. நான் மூன்று சிநேகிதிகளிடம் மட்டும் சொன்னேன். மறுநாள் பதினொரு பேர் வந்தார்கள்.

அதே பின்னேரம் சாச்சிக்குப் பேசியிருந்த மாப்பிள்ளையின் உம்மாவும் வந்து சேர்ந்தார். வீடு எந்த மட்டத்தில் நிற்கிறது என்று பார்க்க மாப்பிள்ளை வீட்டார் இப்படிச் சொல்லாமல் வருவது வழக்கம். அவர் விரலை மடக்கிச் சுவரைத் தட்டிப் பார்த்தார்.

"வாசலுக்கு மேல லிண்டல் போட்டாச்சி. கூரை எப்ப?"

"மாப்பிளய மழையில நனைய விடுவமா மாமி? அடுத்த மாசம், இன்ஷா அல்லாஹ்."

"அதென்ன, வாசல் செவரெல்லாம் வட்ட வட்டமா அடையாளம்?"

"புள்ளையள் விளையாடுற" என்றார் உம்மா, என்னைப் பார்க்காமல்.

தேத்தண்ணி குடிக்க உள்ளே வந்தபோது டிவிக்கு முன்னால் நாங்கள் பன்னிரண்டு பேர் இருந்தோம். உம்மா திரையைப் பார்த்தார். தொப்பியும் நீளக் காற்சட்டையுமாக, விரல் அளவில் ஓர் உருவம் கோலுக்குள் நின்றது. வளர்த்த கண்ணுக்கு அது போதும். உம்மா டிவியை நிறுத்தப் போனார். வந்தவர் தடுத்தார். "இரிக்கட்டும் புள்ள, சின்னதுகள் பாக்கட்டும்." புகைப்படத்தில் மட்டும் சாச்சியைக் கண்டவர் அவர். கதிரையில் சாய்ந்து தானும் பார்க்கத் தொடங்கினார்.

எதிரணியினர் எல்லோரும் சாச்சியைவிட உயரமாக இருந்தார்கள். பந்து எங்கள் பக்கத்திலேயே நின்றது. முதல் இருபது நிமிடம் சாச்சி செய்ததை நான் இன்றும் கண்ணை மூடினால் காண்கிறேன். இடப்பக்கம் பறந்து விரல் நுனியால் ஒன்றைத் தட்டினார். விழுந்த இடத்திலிருந்தே காலால் இன்னொன்றை மறித்தார். எழும்புவதற்குள் மூன்றாவது வந்தது, அதை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு குப்புறக் கிடந்தார். எங்கள் வளவில் ஓசையில்லாமல் பந்து பிடிக்கும் சாச்சி அங்கே வாய் திறந்து கத்தினார். முன்னால் நின்ற வீராங்கனைகள் எல்லோரும் அவர் கை காட்டிய பக்கம் ஓடினார்கள். எங்கள் வீட்டில் உம்மாவின் சொல்லை மீறாத ஒருவர், அங்கே பத்துப் பேருக்குக் கட்டளை இடுகிறார்.

பிறகு முதலாவது கோல் விழுந்தது. அதன்பின் அடுத்தடுத்து விழுந்தன. பிள்ளைகள் விரல் விட்டு எண்ணினார்கள். ஐந்தாவது விழுந்தபோது ஒரு சிநேகிதி என் காதில், "ஒங்கட சாச்சி ஓட்ட வாளி" என்றாள். எல்லோரும் சிரித்தார்கள். ஆறாவது விழுந்ததும் இன்னும் சத்தமாகச் சிரித்தார்கள்.

எனக்கு அழுகை வந்தது. "அது எங்கட சாச்சி இல்ல. எங்கட சாச்சி இன்னும் ஒசரம்" என்றேன். கோபத்தில் குரல் கூடிவிட்டது.

வந்தவர் கோப்பையை இறக்கினார். "எந்தச் சாச்சி?"

உம்மாவின் முகம் வெளிறியதைக் கண்டேன். "சும்மா பகிடி பண்றாங்க மாமி. எங்கட சாச்சி கொழும்பில தையல் படிக்கிறா" என்றேன். ஏற்கெனவே சாச்சியை மறுத்துவிட்டவளுக்கு இது பெரிய வேலையாக இருக்கவில்லை.

வந்தவர் மனம் ஆறிச் சிரித்தார். "அதானே. நம்மட புள்ளையள் ஊர் உலகம் பாக்க இப்பிடி உருளுமா? ஆரு பெத்த புள்ளையோ, பாவம்."

அந்த நேரத்தில்தான் ஏழாவது கோல். பந்துக்குப் பாய்ந்த சாச்சியும் ஓடிவந்த எதிரணிப் பெண்ணும் மோதி விழுந்தார்கள். பந்து உருண்டு உள்ளே போனது. சாச்சி அசையாமல் கிடந்தார். கமரா அவருக்குக் கிட்டப் போனது. முழங்காலில் காற்சட்டை கிழிந்து இரத்தம் தெரிந்தது. தொப்பி கழன்று பக்கத்தில் கிடந்தது. உள்ளே கட்டியிருந்த கறுப்புத் துணியும் நெற்றியில் சற்று விலகியிருந்தது. சாச்சி கண் திறந்தார். காலைத் தொடவில்லை. பந்தைப் பார்க்கவில்லை. கையுறையோடு தட்டுத்தடுமாறித் துணியை இழுத்துவிட்டார். தொப்பியை எடுத்துப் போட்டு, முடி எதுவும் வெளியே வந்திருக்கிறதா என்று இரண்டு பக்கமும் தடவிப் பார்த்தார். அதன் பிறகுதான் எழும்பி நொண்டிக்கொண்டு கோலுக்குத் திரும்பினார்.

"மாமி" என்றார் உம்மா. "அது எங்கட தங்கச்சிதான்."

"ஆரு?"

"அந்தா, கோலுக்குள்ள நிக்கிற புள்ள. நான்தான் வளத்தன். தையலும் இல்ல, ஒண்டும் இல்ல. நான் செல்லி வெச்சது பொய்."

வந்தவர் திரையை எட்டிப் பார்த்தார். பிறகு, "ஏழு கோல் விட்டிரிக்கா" என்றார்.

"இன்னும் முடியல்ல மாமி."

அவர் மிச்சத் தேத்தண்ணியை வைத்துவிட்டு எழும்பினார். "யோசிச்சுச் செல்றம்" என்றார். உம்மா வாசல்வரை மரியாதையாகப் போய் வழியனுப்பிவிட்டுத் திரும்பி வந்து, பிள்ளைகளுக்கு நடுவில் நிலத்தில் உட்கார்ந்தார். போட்டி முடியும்வரை, "அங்கால புள்ள, அங்கால வருது" என்று திரையைப் பார்த்துச் சொல்லிக்கொண்டே இருந்தார். எட்டாவது கோல் விழவில்லை.

மூன்றாம் நாள் தரகர் வந்து அந்தச் சம்பந்தம் சரிவராது என்றார். சாச்சி பந்து விளையாடும் கதை ஒழுங்கை முழுவதும் ஓடியது, ஆனால் கலியாணம் நின்ற காரணத்தை எவரும் சாச்சியின் காதுக்குக் கொண்டுபோகவில்லை. சாச்சியின் வீடு நான்கு வருடம் கூரையில்லாமல் நின்றது. உம்மா என்னை அறைக்குள் அழைத்து, "நான் பாத்ததும் செல்லப்படாது, மாப்பிள வீடு ஏன் விட்டதெண்டும் செல்லப்படாது. சாச்சிக்கு ஒருநாளும் செல்ல மாட்டன் எண்டு செல்லு" என்றார். சொன்னேன். சாச்சி முழங்காலில் கட்டோடு வந்தபோது, மாப்பிள்ளை வெளிநாடு போய்விட்டாராம் என்று உம்மா சொல்லி முடித்தார்.

அந்த ஏழு கோலுக்கு வெட்கப்பட்டுத்தான் உம்மா மறைக்கிறார் என்று நினைத்தேன். உள்ளே போனவற்றை மட்டுமே எண்ணத் தெரிந்த வயது எனக்கு. தன் விளையாட்டால்தான் கலியாணம் நின்றது என்று தெரிந்திருந்தால் சாச்சி அன்றே கையுறையைக் கழற்றியிருப்பார் என்பது எனக்குத் தோன்றவில்லை. இப்போது தோன்றுகிறது. அதுவும் சரியா என்று நிச்சயமில்லை. வளர்ந்த பிறகு ஒருமுறை உம்மாவிடம் கேட்டேன். "பொய் செல்ல வாய் வரல்ல மகள்" என்றார். எத்தனை வருடம் தையல் டிப்ளோமா சொன்ன வாய்!

சாச்சி அதன்பின் ஒன்பது வருடம் நாட்டுக்காகக் கோலில் நின்றார். அதிகமாகத் தோற்றார்கள். எத்தனை பந்துகளை அவர் மறித்தார் என்று எவரும் எழுதி வைக்கவில்லை. தாமதமாகக் கலியாணம் முடித்து, இப்போது கொழும்புக்கு அருகில் சிறுமிகளுக்குக் கோல் காக்கப் பழக்குகிறார். போன கிழமை தொலைபேசியில் என் மகளைப் பற்றிக் கதைத்துக்கொண்டிருந்தபோது சொன்னார். "ராத்தா எனக்கு எல்லாம் செஞ்சா புள்ள. நான் விளையாடுறத மட்டும் ஒருநாளும் பாக்கல்ல. அது ஒண்டுதான் மனசில இரிக்கி."

நான் ஓம் என்று மட்டும் சொன்னேன்.

உம்மாவுக்கு இந்த வருடம் மறதி தொடங்கிவிட்டது. சில நாட்களில் என் மகளை என் பெயரால் அழைக்கிறார். அந்தப் பின்னேரத்தைப் பற்றி மெதுவாகக் கேட்டுப் பார்த்தேன், சிரித்தார், அவ்வளவுதான். ஹஜ்ஜுப் பெருநாளுக்குச் சாச்சி வருகிறார். சொன்னால் உம்மாவிடம் கொடுத்த வாக்கை மீறியவள் ஆவேன். சாச்சியும் அந்தக் கலியாணம் நின்ற காரணத்தைக் கேட்டு நோகக்கூடும். சொல்லாவிட்டால், உம்மா பார்த்தது என்னோடு போய்விடும். வாக்கை வாங்கியவரே மறந்துகொண்டிருக்கும்போது, கொடுத்தவள் அதைக் காக்கத்தான் வேண்டுமா? பெருநாளுக்கு இன்னும் பதினெட்டு நாள் இருக்கிறது. இப்படி ஒன்றைச் சொன்னவர்களோ, சொல்லாமல் விட்டவர்களோ உங்களில் இருந்தால், தயவுசெய்து அதற்குள் எனக்கு எழுதுங்கள்.