மூன்று மூன்றாக நின்ற காற்புள்ளிகள்

இன்று அடி அண்ணாமலை கிராமத்துப் பெண்கள் நால்வருக்காகக் குரல் கொடுக்க வேங்கிக்கால் ஆட்சியர் அலுவலகத்திற்குச் சென்றேன். அவர்கள் தெருக் கிணறு வற்றிவிட்டது. அருகிலுள்ள விடுதியின் ஆழ்துளைக் கிணறுகளே காரணம்.

ஓராண்டில் உறிஞ்சிய நீரின் அளவை விடுதியின் வலைத்தளமே வெளியிட்டிருந்தது: 12,500,000 இலிட்டர். கைப்பேசியை உயர்த்தி, “பன்னிரண்டு இலட்சத்து ஐம்பதாயிரம் இலிட்டர்!” என்று முழங்கினேன்.

அதிகாரி நிமிர்ந்தார். “அவ்ளோதானா? அனுமதிச்சதவிட கம்மிதாங்க ஐயா.” மனுவை ஓரமாக வைத்துவிட்டார்.

வெளியே வந்ததும், நால்வருள் ஒருவரான சலீமா, “இன்னொரு தபா படிங்கண்ணா,” என்றார்.

வலமிருந்து எண்ணினேன். ஒன்று, பத்து, நூறு என ஏறிக் கோடியில் போய் நின்றேன். காற்புள்ளிகள் வெளிநாட்டு முறையில், மூன்று மூன்று இலக்கங்களுக்கு நின்றன. நானோ நம் வழக்கப்படி படித்திருக்கிறேன். ஒன்றேகால் கோடியைப் பத்தில் ஒரு பங்காக்கி, விடுதிக்காகவே வாதாடியிருக்கிறேன்.

கூனிக் குறுகினேன். “மீண்டும் உள்ளே சென்று சொல்கிறேன் அம்மா.”

“வேணாங்கண்ணா, நாங்களே சொல்லிக்கிறோம். நீங்க டீ சாப்பிடுங்க.”

அவர்கள் இன்னும் உள்ளேதான் இருக்கிறார்கள். என் பழைய உரைகளில் எண்களைக் கேட்டுக் கைதட்டியவர்கள், அருள்கூர்ந்து அவற்றையும் ஒருமுறை வலமிருந்து எண்ணிச் சொல்லுங்கள்.