நாலாவது நரம்பு

எங்க வீட்டுக்காரர் சில்வெஸ்டர் செத்து ரெண்டு வருஷம் ஆகல, அதுக்குள்ள அவரோட சிஷ்யப் பசங்க அவரை லண்டன்ல படிச்சவராக்கிட்டாங்க. லண்டனாவது மண்ணாங்கட்டியாவது! இந்தக் கன்டோன்மென்ட் பக்கத்து பிளாக்பள்ளில பொறந்து பிளாக்பள்ளிலயே கண்ணை மூடின மனுஷன். கூட இருந்து குப்பை கொட்டினவ நான் இருக்கேன், கேளுங்க.

அவரு வாசிச்சது டபுள் பாஸ். ஆளை விட உசரமான பிடில், நின்னுக்கிட்டுத்தான் வில்லு போடணும். சீமைக்குத் திரும்பிப் போன பட்டாளத்து பேண்டுக்காரர் ஒருத்தர் ஏலத்துல விட்டது. அதை வெச்சுத்தான் பதினெட்டு வயசுல கன்டோன்மென்ட் ஹால் ஆர்கெஸ்ட்ராவுல சேர்ந்தாரு. நான் கல்யாணமாகி வந்தப்போ வீட்ல எனக்குப் பெட்டி வைக்க இடமில்ல, அதுக்கு ஒரு முழு மூலை. எனக்கு அதைக் கண்டாலே ஆகாது.

அதுல மூணே நரம்பு. பழைய இங்கிலீஷ் பாஸ் பல அப்படித்தான் இருக்குமாம். பன்னெண்டு வருஷம் யாரும் குறை சொல்லல. 1912ல புதுசா ஒரு பேண்ட் மாஸ்டர் வந்தாரு. இப்போ எழுதற பாட்டெல்லாம் அதை விடக் கீழே போகுது, மூணு நரம்பு அரை வாத்தியம்னு எல்லார் முன்னாடியும் சொல்லிட்டாரு. நாலு நரம்பு பாஸோட மெட்ராஸ்ல ஒருத்தன் காத்திருக்கான், மூணு வாரத்துல நீயும் நாலாவது கட்டி என் முன்னால வாசிக்கணும், தவறினா இடம் அவனுக்குன்னு கெடு வெச்சாரு. ஊர்ல இருந்த ஒரே ஆர்கெஸ்ட்ராவுல ஒரே பாஸுக்குத்தான் இடம். அது போச்சுன்னா இந்தப் பீப்பாயைக் கல்யாண ஊர்வலத்துக்கா தூக்கிட்டுப் போக முடியும்?

அவ்வளவு தடியான நரம்புக்கு எங்கே போறது? பஞ்சு அடிக்கிற மதார் சாயபு வில்லுல கட்டியிருந்த ஆட்டுக் குடல் நரம்பைப் பார்த்துட்டு வந்து கெஞ்சினாரு. சாயபு மூணு நரம்பைச் சேர்த்து முறுக்கி ஒண்ணே ஒண்ணு செஞ்சு குடுத்தாரு. இன்னொண்ணு கேட்டா ஒரு மாசம் கழிச்சு வான்னுட்டாரு. பித்தளைக்காரர் ஒருத்தர் நரம்பை முறுக்க நாலாவது திருகு பொருத்தினாரு. எல்லாம் முடிய ரெண்டரை வாரம் போயிருச்சு. அப்புறம்தான் தேதியைக் காலண்டர்ல பார்த்தோம். பெரிய சனிக்கிழமை, ஈஸ்டருக்கு முந்தின நாள், காலை பத்து மணி.

எங்க ஜனங்களுக்குத் தெரியும். பெரிய வியாழன் பூசையில கோயில் மணி நின்னா, சனிக்கிழமை காலைப் பூசையில திரும்ப அடிக்கிற வரைக்கும் வாத்தியம் பேசக்கூடாது. அவரு வியாழக்கிழமை சாயங்காலம் கதவைச் சாத்திக்கிட்டு வில்லை எடுத்தாரு. நான் குறுக்கே நின்னேன்.

"ஆண்டவர் பாடுபடுற நாள்ல என் வீட்ல நரம்புச் சத்தம் கேட்கக் கூடாது."

அவரு வில்லை வெச்சுட்டு, இடது கை விரலை மட்டும் நரம்பு மேல ஓட்டிக்கிட்டே உட்கார்ந்தாரு. சத்தமே இல்லாம ராகம் பூரா விரல்லயே.

பெரிய வெள்ளி மத்தியானம் கோயில்ல கஞ்சி ஊத்திக்கிட்டிருந்தேன். திடீர்னு கோடையில வர்ற மாம்பழ மழை பிடிச்சுக்கிச்சு. மழை ஈரத்துல புது நரம்பு இறுகி அறுந்துரும்னு அவரு சொன்னது ஞாபகம் வந்தது. அவரோ சிலுவைப் பாதையில எங்கேயோ முன்னாடி. நான் கையைக்கூடக் கழுவாம வீட்டுக்கு ஓடினேன். உறையைத் தூக்கி நாலாவது திருகைப் பிடிச்சுத் தளர்த்தினேன். நரம்பு ஒரு முனகல் முனகுச்சு. பெரிய வெள்ளியில, என் கையால! ஊருக்குத்தான் உபதேசம்.

திரும்பக் கோயிலுக்குப் போனதும் சாமியார்கிட்ட பாவசங்கீர்த்தனம் பண்ணிட்டேன். புருஷன்கிட்ட பண்ணல.

சனிக்கிழமை ஜட்கா வண்டியில பாஸை ஆளுக்கொரு பக்கம் கட்டிப் பிடிச்சுக்கிட்டுப் போனோம். கோயில் மணி அடிக்கக் கேட்டுச்சு. இப்ப சொல்லு, இப்ப சொல்லுன்னு மனசு அடிச்சுக்குது, வாய் வரல. சொன்னா வாசிக்கிறப்போ அவரு கவனம் சிதறிரும்னு பயம். ஹாலுக்குள்ள மெட்ராஸ்காரன் தன் பாஸைத் துடைச்சுக்கிட்டு உட்கார்ந்திருந்தான். நான் ஜன்னலுக்கு வெளியே நின்னேன்.

அவரு உறையை எடுத்தாரு. மேலே திருகைப் பார்த்தாரு. கட்டைவிரலால ஒரு தரம் தேய்ச்சு, விரலை முகர்ந்தாரு. நாலாவது நரம்பை மெதுவா ஒரு தட்டு தட்டி, காதைச் சாய்ச்சாரு. திருகக் கை போச்சு, பாதியில நிறுத்திட்டாரு.

"சுதி சேர்க்க மூணு வாரம் இருந்தது," அப்படின்னாரு பேண்ட் மாஸ்டர். "ஆரம்பி."

ஆரம்பிச்சாரு. முதல் நரம்புல வாசிச்சு முடிஞ்சுது, ரெண்டாவது, மூணாவது. நாலாவதுக்கு இறங்கறப்போ நான் கண்ணை இறுக்கி மூடிக்கிட்டேன். பிசிறு கேட்கல. ஒவ்வொரு சுரமா சரியா வந்துச்சு. கடைசி சுரம் ரொம்பக் கீழே, நாலு நரம்புக்காரனுக்கும் எட்டாதாம். எல்லாரும் மேல் ஸ்தாயில வாசிச்சு ஒப்பேத்தறதுதான் வழக்கம். இவரு விரலை வைக்காம வெறும் நரம்புல வில்லைப் போட்டு அதையே இழுத்தாரு. ஜன்னல் கண்ணாடி அதிர்ந்தது. பேண்ட் மாஸ்டர் தாள்லேர்ந்து தலையைத் தூக்கினாரு. செவ்வாய்க்கிழமை ஒத்திகைக்கு நேரத்துக்கு வான்னு மட்டும் சொன்னாரு. மெட்ராஸ்காரன் பாஸை உறையில போட்டான்.

அதுக்கப்புறம் இருபத்தாறு வருஷம் அந்த இடத்தை ஒருத்தராலும் அசைக்க முடியல. வீட்ல சிஷ்யப் பசங்க வரிசை கட்டி நின்னாங்க. வர்றவன் எவனா இருந்தாலும் முதல் மூணு நாள் வில்லைத் தொட விடமாட்டாரு, விரல் மட்டும்தான். அப்புறம் இன்னொரு சட்டம், வாசிக்கிறதுக்கு முன்னாடி ஒவ்வொரு திருகையும் கட்டைவிரலால தேய்ச்சுப் பார்க்கணும்.

அவரு படுக்கையில விழுந்த வருஷம், 1941ல, என்னால அடக்க முடியல. எல்லாத்தையும் கொட்டிட்டேன். அவரு சிரிச்சாரு.

"தெரியும் அல்போன்சா. திருகுல கஞ்சி காஞ்சிருந்தது. அதைப் பார்த்ததாலதான் நரம்பு இறங்கியிருக்குன்னு முன்னாடியே தெரிஞ்சுது. திரும்ப ஏத்தினா புது நரம்பு நடுவுல வழுக்கும். அதான் அப்படியே விட்டுட்டு, விரலைத் தள்ளித் தள்ளி வெச்சு வாசிச்சேன். நரம்பு தளர்ந்திருந்ததாலதான் கடைசிச் சுரமே எட்டுச்சு."

இத்தனை வருஷம் ஏன் சொல்லலைன்னு கேட்டேன்.

"நீயா சொல்லுவேன்னு இருந்தேன்."

போன வாரம் ஹால்ல கச்சேரி. அவரோட சிஷ்யன் டென்சில் பாஸை நிமிர்த்தி, நாலு திருகையும் கட்டைவிரலால தேய்ச்சு, விரலை முகர்ந்துட்டுத்தான் வில்லை எடுத்தான். என் பக்கத்துல இருந்த வெள்ளைக்காரத் துரைசானி, அது என்ன பழக்கம்னு பின்னாடி அவனைக் கேட்டா. லண்டன் முறைன்னான். கஞ்சிடா அதுன்னு சொல்ல வாயெடுத்தேன். அதைச் சொன்னா அந்தப் பெரிய வெள்ளியையும் சொல்லணுமேன்னு வீட்டுக்கு வந்துட்டேன்.